அத்துமீறியவர் யார்? அரச காணிப் பிணக்குகளில் நிரூபிக்கும் பொறுப்பும் நீதியான நடைமுறையும்

'அரசாங்கக் காணியில் அத்துமீறிக் குடியிருப்போர்' என்ற தொடர் நமது நிருவாக வழக்கில் மிகச் சாதாரணமாகப் புழங்குவது. கச்சேரிக் கடிதங்களிலும் நீதிமன்ற அழைப்பாணைகளிலும் செய்தித்தாள்களிலும் அது ஒரு விவரணம் போலவே எடுத்தாளப்படுகின்றது. ஆயின் சற்று ஊன்றி நோக்கின் அது விவரணம் அன்று, தீர்ப்பு என்பது புலனாகும். குறித்த காணி அரசுக்குரியது என்பதும், அதில் இருப்பவருக்கு அங்கிருக்க உரிமை இல்லை என்பதும் ஆகிய இரண்டு முடிவுகள் அந்த ஒரு சொல்லுக்குள் முன்கூட்டியே அடங்கிவிடுகின்றன. விசாரணை தொடங்கும் முன்னரே முடிவைப் பெயராகச் சூட்டிவிடும் இவ்வழக்கம் எங்கிருந்து வந்தது, அதனால் யார் பயன் பெற்றனர், அதற்கெதிராக எத்தகைய நடைமுறைப் பாதுகாப்புகள் இருந்தன அல்லது இல்லாதொழிந்தன என்பவற்றை வரலாற்று அடிப்படையில் நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

முற்போக்குச் சிந்தனையாளரிடையே சட்ட நடைமுறை பற்றிய ஆராய்ச்சிக்கு அதிக மதிப்பு இருந்ததில்லை. சட்டம் மேற்கட்டுமானத்தின் பாற்பட்டது. அடித்தளமான உற்பத்தி உறவுகள் மாறாதவரை அறிவித்தல், விசாரணை, மேன்முறையீடு என்பன முதலாளித்துவ நீதியின் அலங்காரங்களே என்ற கருத்து பரவலாக உண்டு. இக்கருத்தை நான் ஏற்கவில்லை. காணி பற்றிய பிணக்குகளில் நடைமுறைதான் பல சந்தர்ப்பங்களில் உள்ளடக்கமாகவே தொழிற்படுகின்றது. இதனை முதலில் உணர்ந்தவருள் இளம் மார்க்ஸும் ஒருவர். றைன் மாகாணச் சபையில் விறகுத் திருட்டுச் சட்டம் பற்றி நடந்த விவாதத்தைக் குறித்து 1842 ஆம் ஆண்டு அவர் எழுதிய கட்டுரைகளைப் பலர் அவருடைய பொருளியல் அக்கறையின் தோற்றுவாயாக மட்டுமே குறிப்பிடுவர். அக்கட்டுரைகளின் கணிசமான பகுதி நடைமுறையைப் பற்றியதென்பது போதிய கவனத்தைப் பெறவில்லை. காட்டுச் சொந்தக்காரனிடம் கூலி பெறும் காவலாளியே குற்றத்தை அறிவிப்பவனாகவும் விறகின் பெறுமதியை மதிப்பிடுபவனாகவும் இருப்பது எங்ஙனம் நீதியாகும் என்பது அங்கு அவர் எழுப்பிய வினாக்களுள் ஒன்று. ஈ. பி. தொம்சன் 1975 இல் வெளியிட்ட நூலின் இறுதியில், 1723 ஆம் ஆண்டின் கொடிய காட்டுச் சட்டத்தை ஆராய்ந்தபின், சட்டத்தின் ஆட்சி ஆளும் வர்க்கத்தின் கையையும் ஓரளவு கட்டுகின்றது என்று கூறியபோது இடதுசாரிகள் பலர் அவரைக் கண்டித்தனர். இலங்கைக் காணிச் சட்டங்களை வாசித்தவர்கள் அவ்வளவு விரைவில் கண்டிக்க முன்வந்திருக்கமாட்டார்கள்.

நமது நாட்டில் இவ்வரலாறு 1840 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்துடன் தொடங்குகின்றது. முடிக்குரிய காணிகளில் அத்துமீறுதலைத் தடுப்பது என்பதே அதன் பெயர். கண்டி இராச்சியம் 1815 இல் வீழ்ந்தது. 1832 இல் காணிக்கு ஈடாகச் செய்யப்பட்டு வந்த இராசகாரிய ஊழியம் ஒழிக்கப்பட்டது. முப்பதுகளின் பிற்பகுதியில் மலைநாட்டில் கோப்பிப் பயிர்ச்செய்கை பெருகத் தொடங்கியது. தோட்டம் அமைக்க முன்வந்த மூலதனத்துக்குத் தேவைப்பட்டது நிலம் மட்டுமன்று; வில்லங்கமற்ற உரித்துடன் கூடிய நிலம். முடி அத்தகைய உரித்தை விற்கவேண்டுமாயின் முதலில் அது தன்னுடையது என்று நிலைநாட்ட வேண்டும். ஒவ்வொரு காட்டுத் துண்டுக்கும் முடியே தன் உரித்தை நிரூபிப்பதாயின் அது ஒரு தலைமுறை வேலையாகியிருக்கும். கட்டளைச் சட்டம் அவ்வேலையை ஒரே வாசகத்தால் முடித்துவைத்தது. காடும் தரிசும், குடியிருப்பற்றதும் பயிரிடப்படாததுமான நிலங்கள் யாவும், மறுதலையாக நிரூபிக்கப்படும்வரை, முடிக்குரியவை என ஊகிக்கப்படும் என்பதே அவ்வாசகத்தின் சாரம்.

'மறுதலையாக நிரூபிக்கப்படும்வரை' என்ற சொற்களை நோக்குக. கேட்பதற்கு அது நியாயமான சலுகை போலத் தோன்றும். ஆயினும் வழக்கமான நீதிமுறையில் ஒரு காணியில் இருப்பவனை எழுப்ப விரும்புபவனே தன் உரித்தைக் காட்டக் கடமைப்பட்டவன். இங்கோ அக்கடமை தலைகீழாக்கப்பட்டது. சேனை நிலங்களைப் பொறுத்தவரை நிலைமை இன்னும் கடினமானது. பல ஆண்டு இடைவெளி விட்டுப் பயிரிடப்படும் நிலம் பழைய கண்டி மாகாணங்களில் இருந்தால், அரசனின் சன்னசு அல்லது அளிப்பு ஒன்றை எல்லை விபரங்களுடன் காட்டவேண்டும்; அல்லது, அயலிலுள்ள தனியார் காணிகளுக்குச் செலுத்தப்பட்டது போன்ற வழக்கமான வரியோ ஊழியமோ கடந்த இருபது ஆண்டுகளுக்குள் செலுத்தப்பட்டமையைக் காட்டவேண்டும். வேறு எவ்விதச் சான்றும் ஏற்கப்படமாட்டாது. ஏனைய மாவட்டங்களில் சேனை நிலம் காடாகவோ தரிசாகவோ கருதப்படும் என்று கூறப்பட்டது. யாழ்ப்பாணத்துக்குத் தெற்கே வன்னியிலும் கிழக்கிலும் சேனை செய்த தமிழ், முஸ்லிம் குடியானவர்கள் இந்த 'ஏனைய மாவட்டங்கள்' என்ற வகைக்குள் அடங்கினர்.

இங்கு ஒரு முரண்பாட்டைச் சுட்டிக்காட்டல் வேண்டும். காணிக்காகச் செய்த ஊழியத்தை இருபது ஆண்டுக்குள் காட்டு என்று சட்டம் கேட்டது 1840 இல். அவ்வூழியத்தை அதே அரசு ஒழித்தது 1832 இல். விகாரை, தேவாலயக் காணிகளை விடுத்து நோக்கின், 1852 க்குப் பிறகு எந்தக் குடியானவனும் முடிக்குச் செய்த ஊழியத்தைச் சான்றாகக் காட்டி வெல்ல இயலாது. காலம் தானாகவே அந்தக் கதவை அடைத்துவிடும். இதனைத் திட்டமிட்ட சூழ்ச்சி எனக் கூறுவதற்கு நான் முனையவில்லை. எழுத்து ஆவணத்தை உரித்தின் இயல்பான வடிவமாகக் கொண்ட ஒரு வர்க்கம், வாய்மொழி வழக்கையும் அயலவர் அறிவையும் உரித்தாகக் கொண்ட ஒரு சமூகத்துக்குச் சட்டம் இயற்றும்போது சூழ்ச்சிக்குத் தேவை ஏற்படுவதில்லை.

அதே கட்டளைச் சட்டத்தில் மற்றொரு பிரிவும் உண்டு. உரித்தின்றி அரசாங்கக் காணியைக் கைக்கொண்டு பயிரிட்டோ திருத்தியோ பத்து ஆண்டுக்குக் குறையாமலும் முப்பது ஆண்டுக்கு மேற்படாமலும் இடையறாது அனுபவித்தவர், அதன் திருத்தப்பட்ட பெறுமதியில் பாதியைச் செலுத்தினால் அரசாங்கத்திடமிருந்து அளிப்புப் பெறலாம் என்பதே அது. சட்டவல்லுநர் சிலர் இதனைக் குடியேற்ற ஆட்சியின் தாராள மனப்பான்மைக்கு எடுத்துக்காட்டாகக் கூறுவர். நீண்டகால அனுபவத்தை அரசு அறவே புறக்கணிக்கவில்லை என்ற அளவில் அது உண்மையே. பின்வந்த சட்டங்களோடு ஒப்பிடுமிடத்து இப்பிரிவு மனிதத்தன்மை உடையதாகவே காணப்படுகின்றது. ஆயின் 'திருத்தப்பட்ட பெறுமதி' என்பது யாது? காடு வெட்டி, கல் அகற்றி, வரம்பு கட்டி, மரம் நட்ட குடியானவனின் உழைப்பினால் நிலத்தில் சேர்ந்த பெறுமதியே அது. தன் உழைப்பு உண்டாக்கிய பெறுமதியின் பாதியைத் தானே விலை கொடுத்து வாங்கும் நிலை அவனுக்கு ஏற்பட்டது. மாறாக, தொடப்படாத காட்டை வாங்கிய துரைமார் ஆரம்பத்தில் ஏக்கருக்கு ஐந்து சிலிங் கொடுத்தனர். 1844 இல் அவ்விலை ஒரு பவுணாக உயர்த்தப்பட்டது.

இவ்வழக்குகளை விசாரித்தவர் யார், காணி விற்பனையை நிருவகித்தவர் யார் என்பதையும் கேட்டேயாக வேண்டும். நாற்பதுகளின் தொடக்கத்தில் தேசாதிபதி ஸ்ருவட் மக்கென்சி உட்பட உயர் உத்தியோகத்தர் பலர் தாமே கோப்பிக் காணி வாங்கியவர்கள். குடியேற்ற அலுவலகம் தலையிட்டு அரசாங்க உத்தியோகத்தர் தோட்டம் வைத்திருப்பதைத் தடைசெய்தது அத்தசாப்தத்தின் நடுப்பகுதியிலேயே. தன் வழக்கில் தானே நீதிபதியாக இருத்தலாகாது என்ற கோட்பாடு இங்கிலாந்தின் பொதுச்சட்டத்தில் பதினேழாம் நூற்றாண்டிலேயே வேரூன்றியது. அக்கோட்பாட்டைக் கப்பலேற்றிக் கொண்டுவர ஆங்கிலேயருக்கு ஏனோ அவகாசம் கிடைக்கவில்லை.

தோட்டங்கள் கிராமத்தவரின் நிலத்தை எந்த அளவுக்கு விழுங்கின என்பது குறித்து வரலாற்றாசிரியரிடையே நீண்ட விவாதம் உண்டு. வயல் நிலம் பெரும்பாலும் கைமாறவில்லை. உயர்ந்த காடுகளே விற்கப்பட்டன என்பர் ஒரு சாரார். வயலும் சேனையும் மேய்ச்சலும் ஒன்றுடனொன்று பிணைந்த ஒரு வாழ்வுமுறையில் சேனையை இழந்தபின் வயல் மட்டும் போதுமா என்பர் மறுசாரார். இக்கட்டுரைக்கு அவ்விவாதம் தீரவேண்டும் என்பதில்லை. எவ்வளவு நிலம் எவருடையது என்பதை இன்று நாம் உறுதியாகக் கூற இயலாதிருப்பதற்கே, அன்று அதனைக் கேட்டறியக் கூடிய விசாரணை நடைபெறாமை ஒரு முக்கிய காரணம்.

1897 ஆம் ஆண்டின் 1 ஆம் இலக்கத் தரிசு நிலக் கட்டளைச் சட்டம் இம்முறையை இன்னொரு படி முன்னகர்த்தியது. 1840 இன் சட்டப்படி அரசு ஒருவரை எழுப்புவதாயின் மாவட்ட நீதிமன்றத்துக்குச் செல்லவேண்டியிருந்தது. 1897 இன் பின் அரசாங்க அதிபர் ஓர் அறிவித்தலை வெளியிட்டால் போதும். குறித்த காணிக்கு உரிமை கோருவோர் மூன்று மாதத்துக்குள் முன்வராவிட்டால் அது முடிக்குரியது எனப் பிரகடனஞ் செய்யப்படும். உரிமை கோரியவரை நிருவாக அதிகாரியே முதலில் விசாரிப்பார். இணக்கம் ஏற்படாதவிடத்தே விடயம் நீதிமன்றத்துக்குச் செல்லும். மௌனம் சம்மதமாயிற்று. மௌனமாயிருந்தவர் அறிவித்தலைக் கண்டாரா, கண்டவர் வாசிக்க வல்லவரா, வாசித்தவர் அதில் கூறப்பட்ட எல்லைக்குள் தமது சேனை அடங்குகின்றதென அறிந்தாரா என்பன சட்டத்தின் கேள்விகள் அல்ல. வர்த்தமானி என்பது எழுத்தறிந்த, நகரத்துடன் தொடர்புள்ள, வழக்கறிஞரை அமர்த்தக்கூடிய ஒரு வாசகனை முன்னிறுத்தி எழுதப்படும் இலக்கியம். இலக்கிய மாணவன் என்ற வகையில் இதை இவ்வாறே கூறத் தோன்றுகின்றது.

அறிவித்தலுக்கும் குடியானவனுக்கும் இடையே நின்றவர் கிராமத் தலைவர். அம்பாந்தோட்டையில் 1908 முதல் 1911 வரை உதவி அரசாங்க அதிபராகக் கடமையாற்றிய லெனாட் வூல்ஃப் 1913 இல் வெளியிட்ட காட்டுக் கிராமம் பற்றிய நாவல் இவ்விடத்தில் ஒரு வரலாற்று ஆவணமாகவே பயன்படத்தக்கது. அந்நாவலில் கிராமத் தலைவன் தன் பகைமையைத் தீர்க்கக் கைக்கொள்ளும் ஆயுதங்களுள் முதன்மையானது சேனை அனுமதிச் சீட்டு. அரசாங்கக் காட்டில் சேனை வெட்டச் சீட்டு வேண்டும். சீட்டு யாருக்கு என்பதில் தலைவனின் சொல்லே செல்லும். சீட்டற்றவன் சேனை வெட்டினால் குற்றவாளி, வெட்டாவிட்டால் பட்டினி. அந்நாவலின் நீதிமன்றக் காட்சியில், பொய் வழக்கில் அகப்பட்ட கிராமத்தவனுக்குத் தன்னைச் சுற்றி ஆங்கிலத்தில் நடப்பது எதுவும் விளங்குவதில்லை. நீதவான் தீயவரல்லர், சட்டத்தை மீறுபவருமல்லர். நடைமுறை முழுமையாகப் பின்பற்றப்பட்டும் நீதி நடக்காத ஒரு காட்சியை, தானே அந்நாற்காலியில் அமர்ந்திருந்த ஒருவர் எழுதியிருக்கின்றார் என்பதே அந்நாவலின் தனிச்சிறப்பு. நடைமுறையைப் போற்றும் என் போன்றோர் அடிக்கடி திரும்பிச் சென்று வாசிக்கவேண்டிய பகுதியும் அதுவே.

1927 இல் அமைக்கப்பட்ட காணி ஆணைக்குழுவின் சிந்தனையும், 1931 ஆம் ஆண்டின் 20 ஆம் இலக்கக் காணி நிர்ணயக் கட்டளைச் சட்டமும், 1935 ஆம் ஆண்டின் 19 ஆம் இலக்கக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டமும் ஒரு புதிய கட்டத்தைக் குறிக்கின்றன. முடிக்குரிய நிலம் இனி மூலதனத்துக்கு விற்பதற்கன்று. குடியானவருக்குப் பகிர்ந்தளித்து அவர்களை நிலைநிறுத்துவதற்கே என்பது அக்காலக் கொள்கை. அதன் முற்போக்கான அம்சத்தை மறுக்கவியலாது. ஆயின் 1935 இன் சட்டம் காணி பெறத்தக்கவரை 'இலங்கையர்' என வரையறுத்து, இந்திய வம்சாவளித் தோட்டத் தொழிலாளரை அவ்வரையறைக்கு வெளியே நிறுத்தியது. இதன் விளைவு பதினொரு ஆண்டுக்குப் பின் கேகாலை மாவட்டத்தில் வெளிப்பட்டது.

தொழிலாளர் வழக்கில் உருளவள்ளி எனப்பட்ட நேவ்ஸ்மியர் தோட்டத்தை அரசாங்கம் கிராம விஸ்தரிப்புக்காகச் சுவீகரித்தது. காணியற்ற சிங்களக் குடியானவருக்கு அதனைப் பகிர்ந்தளிப்பது நோக்கம். அங்கு வாழ்ந்த தமிழ்த் தொழிலாளருக்கு வெளியேறும்படி அறிவித்தல் கொடுக்கப்பட்டது. அவர்கள் மறுத்தனர். குற்றமுறையான அத்துமீறலின் பேரில் வழக்குத் தொடரப்பட்டது. 1946 இல் இலங்கை இந்திய காங்கிரஸ் தொழிற்சங்கத்தின் தலைமையில் தோட்டப்பகுதிகளில் பெரும் வேலைநிறுத்தம் நடைபெற்றது.

இச்சம்பவம் பொதுவாகத் தொழிற்சங்க வரலாற்றின் ஓர் அத்தியாயமாகவும், 1948 ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டத்துக்கு முன்னோடியாகவும் எழுதப்படுகின்றது. அவை பொருத்தமானவையே. எனினும் நம் பொருளுக்கு முக்கியமானது வேறு. அத்தோட்டத்துத் தொழிலாளர் எந்தக் காணிக்குள்ளும் புதிதாக நுழையவில்லை. அவர்கள் இருந்த இடத்திலேயே இருந்தனர். நேற்றுவரை தோட்டத்து மக்களாயிருந்தவர்கள், காணியின் சொந்தக்காரர் மாறிய தினத்தில், ஓர் அடியும் எடுத்துவைக்காமல் அத்துமீறியோர் ஆயினர். உழைப்புடன் பிணைக்கப்பட்ட குடியிருப்பு, உழைப்பு வேண்டப்படாதபோது குற்றமாக மாறியது. மேலும், எழுப்பப்பட்டவரும் குடியேற்றப்படவிருந்தவரும் ஏழைகளே. காணி ஆணையாளரின் மேசையில் இவ்விரு சாராரின் தேவைகளும் ஒப்பிட்டு நோக்கப்பட்டிருந்தால் முடிவு எவ்வாறிருந்திருக்கும் எனக் கூறவியலாது. அவ்வாறு ஒப்பிடுவதற்கான ஓர் ஏற்பாடே சட்டத்தில் இல்லை என்பதைத்தான் கூறவியலும். இரு இனத்து ஏழைகளும் ஒருவரை ஒருவர் எதிரியாகக் காண்பதற்கு நடைமுறையில் உள்ள இத்தகைய வெற்றிடங்கள் எவ்வளவு துணைபோயின என்பது தனியே ஆராயத்தக்கது. சி. வி. வேலுப்பிள்ளை தம் நாவலுக்கு 'வீடற்றவன்' என்று பெயரிட்டது வெறும் உருக்கத்தினால் அன்று.

1972 இலும் 1975 இலும் மேற்கொள்ளப்பட்ட காணிச் சீர்திருத்தங்களால் தோட்டங்கள் அரச உடைமையாயின. குடியரசு ஏற்பட்டதும் 'முடி' என்ற சொல் நீங்கி 'அரசு' வந்தது. ஊகம் மட்டும் மாறவில்லை.

அடுத்த திருப்பம் 1979 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க அரச காணிகள் உடைமை மீளப்பெறல் சட்டம். திறந்த பொருளாதாரக் கொள்கையின் தொடக்க ஆண்டுகளில், பெருந்திட்டங்களுக்கும் முதலீட்டுக்கும் விரைவாக நிலம் தேவைப்பட்ட சூழலில் இச்சட்டம் தோன்றியமை தற்செயலன்று. இதன்படியும் பின்வந்த திருத்தங்களின்படியும், ஒரு காணி அரச காணி என்றும் அதில் ஒருவர் அதிகாரமின்றி இருக்கின்றார் என்றும் தகுதிவாய்ந்த அதிகாரி கருதினால், அவர் வெளியேறல் அறிவித்தல் கொடுக்கலாம். முப்பது நாளுக்குக் குறையாத தவணை. அவ்வறிவித்தல் குறித்து எவருக்கும் விசாரணை கோரவோ முறையீடு செய்யவோ உரிமையில்லை. தவணை கழிந்தால் அதிகாரி நீதவான் நீதிமன்றத்தில் விண்ணப்பிப்பார். அங்கு அழைக்கப்பட்டவர், எழுத்திலான செல்லுபடியாகும் அனுமதிப்பத்திரமோ அரசின் வேறு எழுத்துமூல அதிகாரமோ உண்டு என்று காட்டலாமேயன்றி விண்ணப்பத்தில் கூறப்பட்ட வேறெதனையும் எதிர்த்து வாதிட முடியாது. காணி அரசுடையதுதான் என்பதற்கு அதிகாரியிடம் சான்று கேட்கவும் நீதவானுக்கு அதிகாரமில்லை. வெளியேற்றற் கட்டளைக்கு எதிராக மேன்முறையீடும் இல்லை.

இதனை 1840 உடன் ஒப்பிடுக. குடியேற்ற ஆட்சி ஊகத்தைப் புகுத்தியது; ஆயினும் அந்த ஊகத்தை மறுக்கும் வாய்ப்பைப் பெயரளவிலாவது விட்டுவைத்தது. சுதந்திர நாட்டின் சட்டமோ நீதவானின் மன்றத்தில் அந்த வாய்ப்பையும் நீக்கியது. காணி தன்னுடையது என்று உறுதியாகக் கூறுபவருக்கு அச்சட்டம் காட்டும் வழி பிறிதொன்று. வெளியேற்றப்பட்டபின் ஆறு மாதத்துக்குள் உரித்தை நிலைநாட்ட வழக்குத் தொடரலாம். வென்றால் நியாயமான நட்டஈடு பெறலாம். முதலில் வெளியேறு, பிறகு நிரூபி என்பதே ஒழுங்கு. வழக்குச் செலவுக்கு வேண்டிய பணத்தை அக்காணியின் விளைவிலிருந்து பெற்றுவந்த ஒருவருக்கு இவ்வொழுங்கின் பொருள் யாதென விளக்கவேண்டியதில்லை. தனியாருக்கிடையிலான பிணக்கில் 1871 ஆம் ஆண்டின் காலாவதிக் கட்டளைச் சட்டம் பத்து ஆண்டு எதிரிடையான அனுபவத்தை உரித்தாக மதிக்கின்றது. அரசுக்கெதிராக அது செல்லாது.

மேல் நீதிமன்றங்களில் ஆணை மனு மூலம் வெளியேறல் அறிவித்தலை எதிர்க்கலாம் என்பது உண்மையே. ஆனால் எங்கு? மலையகத் தோட்டமொன்றில் குடியிருந்த ஒருவருக்குக் கொடுக்கப்பட்ட அறிவித்தல் பற்றிய வழக்கில், 2013 ஆம் ஆண்டு செப்ரெம்பரில் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அரச காணி தொடர்பான இத்தகைய மனுக்களை விசாரிக்கும் நியாயாதிக்கம் மாகாண மேல் நீதிமன்றத்துக்கு இல்லை என்பது அத்தீர்ப்பு. பதின்மூன்றாம் திருத்தத்தின்படி காணி அதிகாரம் மத்திக்கா மாகாணத்துக்கா என்ற கோணத்தில் அத்தீர்ப்புப் பற்றி ஏராளமாக எழுதப்பட்டது. தமிழ் அரசியல்வாதிகளும் அக்கோணத்திலேயே பேசினர். லயத்து அறையிலிருந்து எழுப்பப்படும் ஒருவர் இனிக் கண்டிக்குச் செல்லாமல் கொழும்புக்குச் சென்று மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் வழக்கறிஞரை அமர்த்தவேண்டும் என்ற சிறிய விடயம் அப்பேரிரைச்சலில் கேட்கவில்லை. வழக்கின் மனுதாரர் ஒரு தோட்டவாசி என்பதுகூடப் பலருக்குத் தெரியாது.

இவ்வாறன்றி வேறு வழியில்லை என்போருக்கு அயல்நாட்டு உதாரணம் ஒன்று உண்டு. சென்னை மாகாணத்தின் 1905 ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டமும் குடியேற்ற ஆட்சியில் பிறந்த சுருக்க முறைச் சட்டமே. ஆயினும் வெளியேற்றுவதற்கு முன்னர் காரணங்காட்டும்படி அறிவித்தல் கொடுக்கவேண்டும் என்ற விதி அதில் உண்டு. அச்சட்டம் ஆந்திராவிலும் நடைமுறையில் இருந்தது. ஐதராபாத்தில் உஸ்மானியா பல்கலைக்கழகத்துக்கெனச் சுவீகரிக்கப்பட்ட காணியில் சிலர் நெடுங்காலம் இருந்தனர். பல்கலைக்கழகம் தொடுத்த உரிமை வழக்குத் தள்ளுபடியாயிற்று. பின்னர் அரசாங்கம் சுருக்க முறைச் சட்டத்தைக் கையிலெடுத்தது. 1982 இல் இந்திய உச்ச நீதிமன்றம், பிரதம நீதியரசர் சந்திரசூட் தலைமையில், உரித்துப் பற்றி நேர்மையான பிணக்கு உள்ளவிடத்து அரசாங்கம் தன்னிச்சையாக அதனைத் தனக்குச் சார்பாக முடிவுசெய்து சுருக்க முறையில் எழுப்ப இயலாது. பொது நீதிமன்றத்துக்கே செல்லவேண்டும் என்று தீர்ப்பளித்தது. ஒரு பல்கலைக்கழகத்தின் நலன் மறுபுறம் இருந்தும் அவ்வாறு தீர்ப்பளிக்கப்பட்டமை நம்மனையோர் கவனிக்கத்தக்கது. 1985 இல் பம்பாய் நடைபாதை வாசிகளின் வழக்கில் அதே நீதிமன்றம் முன்னறிவித்தலின் இன்றியமையாமையை வலியுறுத்திவிட்டு, இறுதியில் மழைக்காலம் கழிந்தபின் அவர்களை அகற்றலாம் என்றது. நடைமுறை நீதியின் எல்லை எதுவென்பதையும் அவ்வழக்குக் காட்டுகின்றது.

இங்கு ஓர் ஆட்சேபம் எழலாம். அரச காணியை அபகரிப்போர் யாவரும் ஏழைகளா? அல்லர். குளத்தின் அலைகரையை மேடாக்கி வயல் செய்பவரும், ஆற்றோரக் காட்டை அழித்துத் தோட்டம் போடுபவரும், அரசியல் செல்வாக்கினால் நூற்றுக்கணக்கான ஏக்கரை வேலியடைப்பவரும் உளர். அலைகரை போனால் கீழ்வாய்க்காலில் உள்ள சிறு விவசாயியே முதலில் வறள்வான். செங்கை ஆழியானின் 'காட்டாறு' (1977) வன்னிக் கிராமமொன்றை அதிகாரிகளும் வசதிபடைத்தோரும் சேர்ந்து சுரண்டுவதைச் சித்திரிக்கின்றது. அத்தகையோருக்கு 1979 இன் சட்டம் இடையூறாக அமைவதில்லை. ஏனெனில் அச்சட்டம் கேட்கும் ஒரே சான்றாகிய எழுத்துமூல அனுமதியைப் பெறுவதில் அவர்களுக்குச் சிரமமில்லை. விசாரணையற்ற விரைவு முறை வலியோரின் அபகரிப்பைத் தடுக்கும் என்று எண்ணுவது அதிகாரி எப்போதும் நடுநிலையில் நிற்பார் என்ற நம்பிக்கையின் மேல் கட்டப்பட்ட எண்ணம். அதிகாரி யாருடைய கருத்தைக் கேட்டுக் 'கருதுகின்றார்' என்பதுதான் வினா. நேர்மையான விசாரணையில் நில அளவைப் படமும் பழைய வரைபடமும் அயலவரின் சாட்சியும் மன்றில் வைக்கப்படுமாயின், அஞ்சவேண்டியவர் ஓலைக் குடிசைக்காரர் அல்லர்.

போரின் பின்னர் வடக்கில் இப்பிரச்சினை புதிய கூர்மையைப் பெற்றது. உறுதிகள் எரிந்தன, கச்சேரிப் பதிவேடுகள் சிதைந்தன, எல்லையைக் காட்டக்கூடிய முதியவர்கள் இடம்பெயர்ந்த இடங்களில் இறந்தனர், பிள்ளைகள் இந்திய முகாம்களிலோ கடல் கடந்த நாடுகளிலோ உள்ளனர். இந்நிலைமையைச் சட்டம் அறவே அறியாதது அன்று. 2016 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கக் காலாவதி விசேட ஏற்பாடுகள் சட்டம், ஆயுதக் குழுக்களின் செயற்பாட்டினால் 1983 மே 1 முதல் 2009 மே 18 வரை தம் உரிமையைக் கோர இயலாதிருந்தோருக்கு எதிராக அக்காலம் கணிக்கப்படமாட்டாது என்றது. தனியாருக்கிடையே போர்க்காலத்தைக் கழித்துவிட முன்வந்த அரசு, தனக்கும் குடிமகனுக்கும் இடையே என்ன செய்தது?

2025 மார்ச் 28 ஆம் திகதிய வர்த்தமானியில் ஓர் அறிவித்தல் வெளியாயிற்று. யாழ்ப்பாணத்தில் 3,669, முல்லைத்தீவில் 1,703, கிளிநொச்சியில் 515, மன்னாரில் 54 என ஏறத்தாழ 5,940 ஏக்கருக்கு உரிமை கோருவோர் மூன்று மாதத்துக்குள் முன்வரவேண்டும். தவறின் அவை அரச காணியாகப் பிரகடனஞ் செய்யப்படும். ஆதாரம், 1931 ஆம் ஆண்டின் காணி நிர்ணயக் கட்டளைச் சட்டம். வாசகம், காலவரை, மௌனத்தின் விளைவு ஆகிய மூன்றும் 1897 இல் அரசாங்க அதிபர் ஒட்டிய அறிவித்தலினின்று சற்றும் வேறுபடவில்லை. காணி உரித்தை ஒழுங்கு செய்து மக்களுக்கு உறுதி வழங்குவதே நோக்கம் என்று அரசு தரப்பில் விளக்கப்பட்டது. அவ்விளக்கம் மனப்பூர்வமானதாகவே இருக்கலாம். 1897 இலும் அவ்வாறே விளக்கினர்.

எதிர்ப்பு வலுத்தது. அரசாங்கம் அறிவித்தலை மீளப்பெறுவதாகக் கூறியது. உயர் நீதிமன்றம் 2025 யூன் மாதத்தில் இடைக்காலத் தடை விதித்தது. இப்பிணக்கில் ஏதிலிகளாய் உள்ளோர் எத்தனை பேர் தம் காணி அப்பட்டியலில் உள்ளதென அறிந்திருந்தனர் என்பதற்குக் கணக்கு எதுவும் எடுக்கப்படவில்லை. கணக்கெடுக்கும் கடமையும் கட்டளைச் சட்டத்தில் எவருக்கும் விதிக்கப்படவில்லை. மண்டபம் முகாமில் இருப்பவருக்கு வர்த்தமானி போய்ச்சேரும் வழி யாது என்ற வினாவை அச்சட்டத்தின் பிரிவுகளில் தேடினால் விடை கிடைக்காது. தெற்கில் அப்போது நடந்த விவாதமும் வடக்கில் நடந்த விவாதமும் ஒன்றையொன்று சந்திக்கவில்லை. இதே சட்டத்தொகுதியின் கீழ் ஊவாவிலும் வடமத்தியிலும் சேனையை இழந்த சிங்களக் குடியானவனின் நூற்றாண்டு அனுபவம் வடக்கின் மேடைகளில் ஒருமுறையேனும் எடுத்துரைக்கப்பட்டிருந்தால், எதிர்ப்பின் தளம் விரிந்திருக்கும். 1931 இன் கட்டளைச் சட்டமும் 1979 இன் சட்டமும் நூலில் அவ்வாறே உள்ளன. மீளப்பெறப்பட்டது ஓர் அறிவித்தல் மட்டுமே.